தாய்க்கு எழுதிய கடிதமும் தமிழில் எழுதப்படாத கதையும்

மொரோக்கோ எழுத்தாளர் அப்தல்லா தாயா 2009ஆம் ஆண்டு தன் தாயையும் உடன்பிறந்தவர்களையும் முன்னிறுத்திப் பகிரங்கக் கடிதமொன்று எழுதினார். தன்பாலீர்ப்பைத் தாய்க்கு விளக்குவதாக அதன் தலைப்பு அமைந்திருந்தது. 'தெல்கெல்' என்ற மொரோக்கோ வார இதழ் அதை வெளியிட்டது. கடிதம் பிரெஞ்சு மொழியில் இருந்தது. அந்தத் தாய்க்கோ எந்த மொழியிலும் எழுத வாசிக்கத் தெரியாது. வீட்டில் புழங்கியது மொரோக்கோ மக்களின் பேச்சு அரபு. அப்படியென்றால் அந்தக் கடிதத்தை யார் வாசித்தார்கள்? பிரெஞ்சு தெரிந்த நடுத்தர வர்க்கம் வாசித்தது. பாரிஸில் இருந்தவர்கள் வாசித்தார்கள். பிறகு ஆங்கிலத்துக்கு வந்தபோது நோட்டன் பிரிட்ஜில் இருக்கும் நானும் வாசித்தேன். யாருக்கு எழுதப்பட்டதோ அவர் மட்டும் வாசிக்கவில்லை. அடுத்த ஆண்டு, 2010இல், அவர் மௌத்தாகிவிட்டார்.

இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததற்கு இந்த முரண் ஒரு காரணம். என் அலுமாரியில் பல வருடமாகக் கிடக்கும் ஒரு சீ.ஆர். கொப்பி இன்னொரு காரணம். அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவைக்க வேண்டும். ஒருபாலுறவு பற்றி மத்ஹபுகளின் நிலைப்பாடு என்னவென்பது இந்த இதழின் வாசகர்களுக்குத் தெரியாததல்ல. ஸ்கொட் குகிள் என்ற முஸ்லிம் ஆய்வாளர் 2010இல் எழுதிய நூலொன்றில் லூத் நபியின் சமூகத்தார் வரலாற்றை வேறு விதமாக வாசிக்க முயன்றார். பெரும்பான்மை உலமாக்கள் அந்த வாசிப்பை ஏற்கவில்லை. அந்த விவாதத்துக்குள் நான் இறங்கப்போவதில்லை. அதற்கான இல்மும் எனக்கில்லை. ஆனால் ஒரு மனிதன் தன் உம்மாவிடம் சொல்ல முடியாமல் சுமந்து திரிந்ததை எழுதினால் அது எழுத்தாகிறதா இல்லையா என்று பார்ப்பது விமர்சகனின் வேலை. அந்த வேலையை நாம் மார்க்கத் தீர்ப்புக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு செய்யாமல் விட்டிருக்கிறோம். நானும் விட்டிருக்கிறேன்.

தாயா 1973இல் ரபாத்தில் பிறந்து, ஆற்றுக்கு அக்கரையிலுள்ள ஸலே நகரில் ஏழைக் குடும்பமொன்றில் வளர்ந்தவர். தகப்பன் நூலகமொன்றில் சிற்றூழியர். 2006இல் வெளிவந்த 'இரட்சணிய சேனை' என்ற அவருடைய நாவல் (நாவல் என்று அட்டையில் போட்டிருந்தாலும் தன்வரலாறுதான்) அந்த வீட்டின் அறைக் கணக்கோடு தொடங்குகிறது. மூன்று அறைகள். ஒன்று தகப்பனுக்கு. ஒன்று மூத்த நானாவுக்கு. மூன்றாவதில் தாய், சகோதரிகள், தம்பி, கதை சொல்லும் பையன் எல்லோரும். யார் எந்த அறையிலிருந்து எந்த அறைக்குப் போகிறார்கள் என்பதைக் கொண்டே ஒரு குடும்பத்தின் அதிகாரம், ஆசை, பகை எல்லாவற்றையும் அவர் காட்டிவிடுகிறார். கடைக்குப் பின்னால் வீடு என்று வளர்ந்தவர்களுக்கும், பத்துக்குப் பன்னிரண்டடி லயக் காம்பராவில் ஏழு பேர் படுத்தெழும்பியவர்களுக்கும் இந்தக் கணக்கை யாரும் விளக்கத் தேவையில்லை. அந்த நாவலில் நானாவின் மீது பையனுக்கிருக்கும் பிரியம் நமக்குச் சங்கடம் தருவது. தாயா அதை மறைக்கவும் இல்லை, அலங்கரிக்கவும் இல்லை. இன்னதென்று பேர் வைப்பதற்கு முன்பிருக்கும் பிரியத்தை எழுத எவருக்கும் துணிவு வேண்டும்.

ஆனால் தாயாவை நான் மறக்காமலிருப்பது நாவலால் அல்ல. 2012இல் நியூயோர்க் டைம்ஸில் அவர் எழுதிய ஒரு சிறு கட்டுரை. 1985ஆம் ஆண்டின் கோடைக்கால இரவொன்று. அவருக்குப் பன்னிரண்டு வயது. சூட்டில் வீட்டார் எவருக்கும் உறக்கமில்லை. வெளியே குடித்திருந்த ஆண்கள் சிலர் பையனின் பெயரைச் சொல்லி, பெண்பிள்ளையைக் கூப்பிடுவதுபோல் அசிங்கமாகக் கூப்பிடுகிறார்கள். தாய்க்குக் கேட்கிறது. சகோதரிகளுக்குக் கேட்கிறது. அவன் உயிராக நினைக்கும் நானாவுக்கும் கேட்கிறது. ஊருக்கே கேட்கிறது. எவரும் எழும்பி யன்னலைத் திறந்து ஒரு வார்த்தை ஏசவில்லை. பையன் அந்த இரவில்தான் தன் நடையை, குரலை, கையசைவை மாற்றிக்கொள்வதென்று தீர்மானிக்கிறான்.

இந்தக் கட்டுரையை நான் மூன்று தரம் வாசித்தேன். அந்த வீட்டார் கெட்டவர்களல்லர். பையனுக்குச் சோறு போட்டவர்கள், பள்ளிக்கு அனுப்பியவர்கள். அவர்கள் செய்தது ஒன்றும் இல்லை. ஒன்றும் செய்யாததுதான் அவர்கள் செய்தது. இந்த வகை எழுத்தின் உண்மையான பொருள் ஈமானுக்கும் ஆசைக்கும் நடக்கும் சண்டை என்று பலரும் சொல்கிறார்கள். எனக்கு அப்படிப் படவில்லை. வீட்டிலிருந்த எல்லோருக்கும் தெரிந்திருந்தும் எவரும் சொல்லாத ஒன்றுதான் அதன் பொருள். அந்த அமைதியை ஒரு பிரதி எவ்வளவு துல்லியமாகக் கேட்கிறதோ அவ்வளவுக்கு அது நல்ல பிரதி. வீட்டாரைக் கூண்டில் ஏற்றிவைத்து வழக்காடத் தொடங்கும்போது அது பலவீனமாகிவிடுகிறது.

இந்த அளவுகோலை வைத்து ஸம்ரா ஹபீபின் நூலைப் பார்க்கலாம். லாஹூரில் பிறந்து, சிறுவயதிலேயே குடும்பத்தோடு அகதியாகக் கனடா போனவர். 2019இல் வெளிவந்த அவருடைய தன்வரலாறு கனடாவில் பெரும் கவனம் பெற்றது. அடுத்த ஆண்டு லாம்டா இலக்கிய விருதும் கிடைத்தது. குடும்பம் அஹ்மதியா பிரிவைச் சேர்ந்தது. பாகிஸ்தான் 1974இல் அரசியலமைப்பைத் திருத்தி அஹ்மதிகளை முஸ்லிம் அல்லாதோராக்கியது; 1984இல் அவர்கள் தம்மை முஸ்லிம்கள் என்று சொல்லிக்கொள்வதையே குற்றமாக்கியது. (நம்மில் பலருக்கும் அஹ்மதிகளோடு கொள்கை முரண்பாடு உண்டு. எனக்கும் உண்டு. ஆனால் தான் யாரென்று பக்கத்து வீட்டுக்குச் சொல்லக்கூடாதென்று ஒரு சிறுமிக்குக் கற்பிக்க நேர்வது கொள்கை விவாதமல்ல.) ஒளிந்து வாழ்வதை ஸம்ரா தன் ஆசை பற்றி அறிவதற்கு முன்பே, தாயின் மடியிலேயே படித்துவிடுகிறார். பின்னால் ரொறன்ரோவில், பதினாறு வயதில், மச்சான் முறையானவரோடு அவருக்குக் கலியாணம் நடக்கிறது. ஒளிப்பதற்கு இன்னொன்று சேர்கிறது. ஒரு குடும்பத்தை அரசு பயமுறுத்துகிறது, அந்தக் குடும்பம் அதே பயத்தைக் கொண்டு மகளைக் காக்கப் பார்க்கிறது, அந்தக் காவலே மகளுக்குச் சிறையாகிறது. நூலின் முதற்பாதி முழுவதும் இதுதான். கட்டாயக் கலியாணம் என்ற சொல்லைக் கேட்டதும் மேற்கத்திய வாசகர் எதிர்பார்க்கும் கொடுமைக்காரத் தாய் அதில் இல்லை. பயந்துபோன ஒரு தாய்தான் இருக்கிறார். தாயோடு உறவு மெல்ல மெல்ல மீளும் பக்கங்கள் அதனால்தான் நம்பும்படி இருக்கின்றன.

இரண்டாம் பாதியைப் பற்றி அவ்வளவு சொல்ல முடியவில்லை. ரொறன்ரோவில் 2009இல் தொடங்கிய, தன்பாலீர்ப்புள்ளவர்களையும் சேர்த்துக்கொள்ளும் ஜும்ஆ தொழுகை, உலகெங்குமுள்ள இப்படியான முஸ்லிம்களைப் படம் பிடித்த ஸம்ராவின் புகைப்படத் திட்டம் என்று விபரங்கள் வருகின்றன. அவை தகவலாக முக்கியமானவை. எழுத்தாக, எல்லாம் விளங்கிவிட்ட ஒருவரின் குரலில் சமதளமாகப் போகின்றன. ஆங்கிலத்தில் இப்போது இந்த வகைக்கென்று ஒரு அச்சு உருவாகியிருக்கிறது: இருட்டான வீடு, தப்பித்தல், பெரிய நகரம், வெளிச்சம். நல்ல எழுத்தாளர்களையும் அந்த அச்சு இழுத்துக்கொள்கிறது. ஷ்யாம் செல்வதுரை 1994இல் எழுதிய 'ஃபன்னி போய்' நாவலில், கொழும்புத் தமிழ் வீட்டில் பெண்பிள்ளைகளோடு மணப்பெண் விளையாட்டு விளையாடும் ஆர்ஜி அந்த அச்சுக்குள் விழாமல் தப்பிக்கிறான் என்றால், 1983இன் கலவரம் அவனுடைய வீட்டையே எரித்துவிடுவதுதான் காரணம். இருட்டு வீட்டில்தான் இருக்கிறது, வெளிச்சம் வெளியேதான் இருக்கிறது என்று சொல்ல அந்த நாவலுக்கு வழியில்லாமல் போய்விடுகிறது.

பிள்ளை தாய்க்குச் சொல்வதையே பார்த்துக்கொண்டு வந்தோம். தகப்பன் பிள்ளைக்குச் சொல்வதும் உண்டு. இந்தியாவில் பிறந்த பர்வேஸ் ஷர்மா இயக்கி 2007இல் வந்த 'காதலுக்கான ஜிஹாத்' ஆவணப்படத்தில் தென்னாபிரிக்க இமாம் முஹ்ஸின் ஹென்ட்ரிக்ஸ் வருகிறார். கேப்டவுன்காரர், மார்க்கக் கல்வி கற்கக் கராச்சிக்குப் போனவர், கலியாணம் முடித்துப் பிள்ளைகள் பெற்றவர், 1996இல் தன் நிலையை வெளிப்படையாகச் சொன்னவர். வாகனத்தில் போகும்போது பிள்ளைகளோடு பேசுகிறார். வாப்பாவைக் கல்லெறிந்து கொல்லத் தீர்ப்பானால் என்ன செய்வீர்கள் என்ற பேச்சு வருகிறது. முதல் கல்லிலேயே உயிர் போய்விட வேண்டும், வாப்பாவுக்கு வலிக்கக்கூடாது என்ற கருத்தில் மகள் பதில் சொல்கிறாள். படம் ஒன்பது மொழிகளில், பன்னிரண்டு நாடுகளில் எடுக்கப்பட்டது. பலரின் முகங்களைக் காட்டாமல் மறைத்தது. வாதங்கள் நிறைய உண்டு. அந்த வாதங்களில் எனக்கு நினைவில் நிற்பது எதுவுமில்லை. அந்தப் பிள்ளையின் பதில் நிற்கிறது. மார்க்கத்தை மறுக்கவும் தெரியாமல் வாப்பாவை விட்டுக்கொடுக்கவும் முடியாமல் ஒரு குழந்தை தனக்குக் கிடைத்த இடைவெளியில் கண்டுபிடித்த நியாயம் அது. ஹென்ட்ரிக்ஸ் 2025 பெப்ரவரி 15ஆம் திகதி தென்னாபிரிக்காவில் வாகனத்தில் இருந்தபோது சுட்டுக் கொல்லப்பட்டார். செய்தியைக் கண்டதும் முதலில் எனக்கு வந்த நினைவு அந்த மகளைப் பற்றியதுதான்.

நம் இலக்கியக் கூட்டங்களில் இந்தப் பேச்சை எடுத்தால் வரும் முதற் பதில், 'இதெல்லாம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது' என்பது. வெள்ளைக்காரன் கொண்டுவந்ததைக் கொஞ்சம் பார்ப்போம். உதுமானியப் பேரரசு 1858இல் கொண்டுவந்த தண்டனைச் சட்டக் கோவையில் வயதுவந்த இருவர் தம் சம்மதத்தோடு தனிமையில் செய்வதைக் குற்றமாக்கும் பிரிவு இருக்கவில்லை. அதற்கு 25 வருடம் கழித்து, 1883இல், இலங்கைத் தண்டனைச் சட்டக் கோவையில் 365ஆம் பிரிவைப் போட்டுவைத்தது பிரித்தானியர். ஆண்களைப் பற்றி மட்டும் பேசிய 365அ பிரிவை 1995இல் திருத்தியபோது நீக்குவதற்குப் பதிலாகப் பெண்களையும் சேர்த்துக்கொண்டோம். 2023 மே மாதத்தில் உயர் நீதிமன்றம், இதைக் குற்றமற்றதாக்கும் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானதல்ல என்று சொன்னது. 2024இல் பாராளுமன்றம் கலைந்ததோடு அந்தச் சட்டமூலமும் போயிற்று. அபூ நுவாஸை அரபுக் கவிதையின் தலைவாசல்களில் ஒருவராகப் பாடமெடுக்கும் நாம், அவருடைய கவிதைகளில் எவற்றைப் பாடத்தில் சேர்ப்பதில்லை என்பதையும் அறிவோம். இறக்குமதி என்ற வாதத்தை இத்தோடு விடலாம்.

தமிழில் என்ன இருக்கிறது? திருநங்கைகள் தம் கதையைத் தாமே சொல்லத் தொடங்கிவிட்டார்கள். ரேவதி தொகுத்த 'உணர்வும் உருவமும்' 2005இல் வந்தது, லிவிங் ஸ்மைல் வித்யாவின் தன்வரலாறு 2007இல். இரண்டிலும் வீடும் தகப்பனும் தாயும் உண்டு. தமிழ் முஸ்லிம் வீட்டுக்குள்ளிருந்து, உம்மா, வாப்பா, நானா என்ற சொற்களோடு, தன்பாலீர்ப்புள்ள ஒருவர் தன் பெயரில் எழுதிய தன்வரலாறென்று என் கைக்கு ஒன்றும் வந்ததில்லை. ஆட்கள் இல்லாமலில்லை. பழைய மஸ்கெலியா நகரத்தை 1960களின் கடைசியில் மவுசாகலை நீர்த்தேக்கம் மூடியது. தண்ணீர் வற்றும் வருடங்களில் கோயிலும் பள்ளியும் மேலே தெரியும். பார்க்கப் போகிற சனம், இது இங்கேயேதான் இருந்ததா என்று ஆச்சரியப்படும்.

மொழி இல்லையென்றும் சொல்ல முடியாது. 2004இல் வந்த ஸல்மாவின் 'இரண்டாம் ஜாமங்களின் கதை' தமிழ் முஸ்லிம் பெண்களின் அடுக்களைப் பேச்சை, கேலியை, ஆசையை, வெட்கமில்லாத உண்மையை அப்படியே கொண்டுவந்தது. அந்த நாவலைக் குறை சொன்னவர்கள் கூட அதன் காதைக் குறை சொல்லவில்லை. அந்தப் பேச்சில் சொல்ல முடியாதது எதுவுமில்லை. அதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது இன்னொன்று. ஸல்மா வீட்டுக்குள் அடைபட்டிருந்த காலத்தில் ஒளித்தெழுதிய கவிதைகளை வெளியே கொண்டுபோய்ச் சேர்க்க உதவியவர் அவருடைய தாய். மகளைக் கட்டிவைத்த குடும்பத்தில் இருந்த அதே தாய், மகளின் காகிதங்களைக் கடத்தியும் இருக்கிறார். தாயா கண்ட தாயும் ஸம்ரா கண்ட தாயும் இதே ஆள்தான். நம்முடைய இலக்கியம் இந்த ஆளை ஏற்கனவே அறிந்திருக்கிறது.

பயம் இருக்கிறது, உண்மை. ஏறாவூரைச் சேர்ந்த ஷர்மிளா ஸெய்யித் 2012இல் வானொலிப் பேட்டியொன்றில் பாலியல் தொழில் பற்றிச் சொன்ன ஒரு கருத்துக்காக என்ன பட்டார் என்பதை நாமெல்லோரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தோம். 2015இல் அவர் உயிரோடிருக்கும்போதே கொல்லப்பட்டதாக இணையத்தில் பொய்ச் செய்தி பரப்பினார்கள். அன்று எத்தனை எழுத்தாளர்கள் அவருக்காக யன்னலைத் திறந்தோம்?

இனிக் கொப்பிக்கு வருகிறேன்.

நான் தமிழ் படிப்பித்து ஓய்வு பெற்றவன். 2011 என்று நினைக்கிறேன், என்னிடம் படித்த பையனொருவன் ஒரு சிறுகதையைக் கொண்டுவந்தான். சீ.ஆர். கொப்பியில் நீல மையால், பதினெட்டுப் பக்கம். ஹட்டன் பஸ்ஸில் தினமும் சந்திக்கும் இரண்டு இளைஞர்கள். ஒருவன் கடையில் நிற்பவன், மற்றவன் தோட்டத்துக் கணக்கப்பிள்ளையின் மகன். மழை, பஸ் யன்னலின் கண்ணாடி, ஒரே குடை, நோன்பு திறக்க வாங்கிய பேரீச்சம்பழத்தில் பாதி. தொட்டுக்கொள்வது கூடக் கிடையாது. கடைசியில் கடைப் பையனுக்குப் பெண் பார்த்துவிடுகிறார்கள். உம்மா சந்தோஷத்தில் அழுகிறா. அவன் அவவின் கண்ணீரைத் துடைத்துவிட்டுப் பஸ்ஸுக்குப் போகிறான். அன்றைக்கு அவன் தான் வழமையாக இருக்கும் ஆசனத்தில் இருக்கவில்லை. அவ்வளவுதான் கதை.

அது நல்ல கதையென்று எனக்கு உடனே தெரிந்தது. தெரிந்துகொண்டுதான் சொன்னேன்: "கதை நல்லா வந்திருக்கு தம்பி. கணக்கப்பிள்ளையிட மகனை மகளாக்கிட்டா எங்கயும் போடலாம்."

அவன் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். "சரி சேர்" என்றான். அடுத்த கிழமை மாற்றிக் கொண்டுவந்தான். நான் ஒரு சஞ்சிகைக்கு அனுப்பினேன், வந்தது. இன மத பேதங்களைக் கடந்த காதல் என்று இரண்டு கூட்டங்களில் பாராட்டினார்கள். ஒரு கூட்டத்தில் பாராட்டியவன் நானே. மாற்றிய கதையில் பேரீச்சம்பழம் இருந்தது, குடை இருந்தது. ஆனால் ஓர் இளைஞனும் இளைஞியும் பஸ்ஸில் பக்கத்தில் இருந்தால் ஊர் பார்க்கும், இரண்டு இளைஞர்கள் இருந்தால் ஊர் பார்க்காது. எவரும் பார்க்காமலிருப்பதன் மேல்தான் முதற் கதை நின்றது. நான் அதன் அத்திவாரத்தைப் பிடுங்கிவிட்டு, கட்டடம் அழகென்று மேடையில் பேசியிருக்கிறேன்.

சில மாதம் கழித்துக் கடைத்தெருவில் கண்டேன். சிரித்துக்கொண்டே சொன்னான்: "உம்மா கதையை வாசிச்சிட்டாங்க சேர். அந்தப் புள்ள எந்தூரு, ஆருட மகள் எண்டு ஒவ்வொரு நாளும் கேக்கிறாங்க. இஸ்லாத்துக்கு வாறண்டா பாப்பமே எண்டும் சொல்றாங்க."

தாயாவின் தாயால் கடிதத்தை வாசிக்க முடியவில்லை. இந்த உம்மா வாசித்தா. அவவுக்கு விளங்கும் தமிழில், அவவுடைய மகன் எழுதியதை, அவவுடைய கைக்கே போய்ச் சேர்ந்ததை வாசித்தா. மகனுக்கு ஒரு மனத்தாங்கல் இருக்கிறதென்று பிடித்துவிட்டா. மதம் மாறி வரும் மருமகளுக்குக் கூட மனதைத் தயார்ப்படுத்திக்கொண்டா. அவ்வளவு தூரம் வந்த தாய்க்கு நான் பிழையான ஆளைக் காட்டிக்கொடுத்துவிட்டேன். உண்மையான கதையை வாசித்திருந்தால் அவ என்ன செய்திருப்பா என்று எனக்கு ஊகிக்க வராது. ஏசியிருக்கலாம், வீட்டை விட்டே அனுப்பியிருக்கலாம். ஆனால் அந்தத் தீர்ப்பு அவவுடையது. அதை அவவிடமிருந்து நான் எடுத்துக்கொண்டேன்.

அவன் பிறகு கதை எழுதவில்லை. வளைகுடாவுக்குப் போய்விட்டான். முதற் பிரதி இருந்த கொப்பியை மட்டும் என்னிடமிருந்து திரும்ப வாங்கவில்லை.

இந்தக் கட்டுரையை எழுதத் தொடங்கியபோது அவனுக்குத் தொலைபேசி எடுத்தேன். கதையைப் பற்றிக் கட்டுரையில் சொல்லலாமா என்று கேட்டேன். பெயரில்லாமல் சொல்லலாம் என்றான். முதற் கதையை இந்த இதழிலேயே போடலாமா என்று கேட்டேன்.

"உம்மா ஈக்கிற வரைக்கும் வாணாம் சேர்."

சரி என்றேன். கொஞ்ச நேரம் ஊர்ப் புதினம் கேட்டான். அணையில் வான்கதவு திறந்திருக்கிறார்களா, பஸ்நிலையத்துக்குப் பக்கத்துச் சாப்பாட்டுக் கடை இன்னும் இருக்கிறதா என்றெல்லாம் கேட்டான். தொலைபேசியை வைக்கப்போகும்போது, இந்த மழைக்குள் கொப்பி நனையாமல் இருக்கிறதா என்று கேட்டான். பொலித்தீன் பையில் சுற்றி அலுமாரியின் மேல்தட்டில்தான் வைத்திருக்கிறேன் என்று சொன்னேன்.